ஒற்றியும் மீட்சியும்

எமது பழைய வீடுகளிற் பெட்டகத்தின் அடியில் உறுதிக்கட்டு ஒன்று கிடப்பது வழக்கம். துணியிற் சுற்றி நூலாற் கட்டி, பூச்சி அரியாமல் இடைக்கிடை வெயில் காட்டி, தலைமுறை தலைமுறையாகக் காத்து வந்த கட்டு அது. அதனை அவிழ்த்துப் பார்க்கும் இளைஞர் 'சீதனம்', 'நன்கொடை', 'அறுதி' என்னும் சொற்களை ஒருவாறு விளங்கிக்கொள்வர். 'ஒற்றி' என்ற சொல்லைக் கண்டதும் தயங்கி நிற்பர். காணி விற்கப்பட்டதா? வாடகைக்கு விடப்பட்டதா? இன்று அது யாருடையது? இவ்வினாக்களைக் கேட்டு விடை பெறுதற்குப் பெரியோர் இருக்கும் வீடு பாக்கியஞ் செய்த வீடு.

அச்சொல்லின் பொருளையும், அது வழங்கிவந்த முறையையும், அதன் வரலாற்றையும் இம்மலரிலே சுருக்கமாக எடுத்துரைக்க விழைகின்றோம். ஒரு பழஞ்சொல்லின் பொருளை அறிந்துகொள்வதால் வரும் பயன் என்னவென்று சிலர் வினவக்கூடும். இச்சொல்லின் பொருள் மறந்துபோனால், ஒருவர் தம் முன்னோர் காணியை விற்றதாக எண்ணிக் கைவிடுவார். மற்றொருவர் தம் தந்தையார் உழுத நிலமெல்லாம் தமக்கே உரியதென்று நம்பி அதில் வீடு கட்டுவார். இருவரும் நல்லவரே, இருவரும் மயங்கியவரே. அம்மயக்கத்தை நீக்குதல் ஒரு சொல்லின் பொருளை அறிவதால் இயலுமாயின், அஃது அறியத்தக்க சொல்லேயாம்.

சொல்லும் பொருளும்

'ஒற்று' என்பது தமிழிற் பல பொருளில் வழங்கும் சொல். இலக்கணத்தார் மெய்யெழுத்தை ஒற்று என்பர். வேற்றுநாட்டுச் செய்தியை மறைவாக அறிந்துவருபவன் ஒற்றன். நோவுள்ள இடத்தில் வெம்மையான துணியை வைத்தெடுப்பது ஒற்றடம். கற்பூர தீபத்தைத் தொட்டுக் கண்களில் ஒற்றிக்கொள்கின்றோம். ஈண்டு நாம் எடுத்துக்கொண்ட 'ஒற்றி' இவ்வழக்குகளின் வேறாய் நின்று, கொடுக்கல் வாங்கலிலே பெயர்ச்சொல்லாக வழங்குவது. தமிழகத்திற் பேச்சு வழக்கில் அஃது 'ஒத்தி' எனத் திரியும். 'கூட்டம் ஒத்திவைக்கப்பட்டது' என்னுமிடத்து வருவது பிற்போடுதலாகிய வேறு பொருள். அதனோடு இதனை மயக்கலாகாது.

ஒற்றியாவது, கடன் பெறுபவர் தம் நிலத்தைக் கடன் கொடுப்பவரின் அனுபவத்தில் விட்டு, அந்நிலத்தின் விளைவை வட்டிக்குப் பதிலாக அவர் கொள்ளுமாறு உடன்படுதல். நிலம் கைமாறும், உரிமை கைமாறாது. பணம் திரும்பிய அன்று நிலமும் திரும்பும். அத்திரும்புதலுக்கு மீட்சி என்று பெயர்.

ஓர் எடுத்துக்காட்டால் இதனை விளக்குவோம். ஒருவருக்கு நான்கு பரப்பு வயல் உண்டு. மகளின் திருமணச் செலவுக்கு அவருக்கு 1,000 ரூபா வேண்டியிருக்கிறது. அயலவர் ஒருவர் அத்தொகையைக் கொடுத்து வயலை ஒற்றியாக ஏற்கிறார். அன்று முதல் வயலை உழுபவரும், விதைப்பவரும், அறுத்து நெல்லை வீட்டுக்குக் கொண்டுசெல்பவரும் ஒற்றிக்காரரே. நிலக்காரர் வட்டியென்று ஒரு சதமும் கொடுக்கவேண்டியதில்லை. மழை நன்கு பெய்து வயல் இருமடங்கு விளைந்தால் அஃது ஒற்றிக்காரரின் பேறு. மழை பொய்த்துப் பதராகப் போனால் அதுவும் அவருடைய பேறே. எவ்வாறாயினும் கடன்முதல் 1,000 ரூபா கூடுவதுமில்லை, குறைவதுமில்லை. அந்த 1,000 ரூபாவை என்று கொடுத்து முடிக்கின்றாரோ அன்றுவரை வயல் ஒற்றிக்காரரிடம் நிற்கும்.

ஒற்றியை அதன் அயற்சொற்களோடு ஒப்பிட்டுப் பார்த்தால் பொருள் இன்னுந் தெளிவாகும். நகையைக் கொடுத்துப் பணம் பெறுவதை எம்மவர் அடைவு வைத்தல் என்பர். அங்கே பொருள் கடன் கொடுத்தவரிடம் சும்மா கிடக்கும், வட்டி வேறாக ஏறும். நிலத்தைப் பிணையாக எழுதிக் கொடுத்துத் தாமே அதனைத் தொடர்ந்து ஆண்டுவருவது ஈடு; அங்கும் வட்டி உண்டு. குத்தகையில் நிலத்தை அனுபவிப்பவர் ஆண்டுதோறும் பணமோ நெல்லோ கொடுப்பார், கொடுத்தது திரும்பாது. வாரத்தில் விளைவு இருவர்க்கும் பங்காகும். அறுதியில் நிலமும் உரிமையும் ஒருங்கே போய்விடும். இவையனைத்துக்கும் இடையே ஒற்றி தனக்கென ஓரிடம் கொண்டு நிற்கிறது. பார்ப்பவர் கண்ணுக்கு அது விற்பனைபோலத் தோன்றும். உறுதியைப் படிப்பவர்க்குக் கடனாக விளங்கும். மயக்கம் பிறக்கும் இடமும் இதுவே.

இலங்கையின் நீதிமன்றத் தீர்ப்புகள் ஆங்கிலத்தில் எழுதப்பட்ட காலத்திலும் நீதியரசர்கள் இச்சொல்லை மொழிபெயர்க்காது ஆங்கில எழுத்திலே அப்படியே எடுத்து ஆண்டனர். ஆங்கிலத்தில் இதற்கு நேரான ஒரு சிறுசொல் அவர்களுக்குக் கிடைக்கவில்லை.

பழந்தமிழர் வழக்கு

ஒற்றி அண்மைக்காலத்தே தோன்றிய ஏற்பாடன்று. தமிழகத்துப் பழைய கல்வெட்டுகளில், நிலத்தை விலைக்கு வாங்கியவர்க்கு அதனை விற்கவும் ஒற்றி வைக்கவும் உரிமையுண்டு என்னும் கருத்துப்பட, ஒற்றியும் விலையும் அடுத்தடுத்து வரக் காணலாம். நிலத்தின் முழுவுரிமை என்னவென்று கேட்ட அக்காலத்தவர்க்கு, விற்கும் உரிமையும் ஒற்றி வைக்கும் உரிமையும் சேர்ந்ததே முழுவுரிமை என்பது விடையாயிருந்தது. அவ்விரண்டும் வெவ்வேறு செயல்கள் என்பதையும் அவர்கள் நன்கு அறிந்திருந்தனர்.

சைவ நன்மக்கள் அறிந்த சான்று மற்றொன்றும் உண்டு. சுந்தரமூர்த்தி நாயனார் திருவொற்றியூரிலே சங்கிலியாரை மணந்தபோது, அவ்வூரை விட்டுப் பிரிவதில்லையென மகிழின் கீழ் ஆணையிட்டார். பின்னர்த் திருவாரூரை நினைந்து ஆணையை மீறிப் புறப்பட்டுக் கண்ணொளி இழந்தார். காஞ்சியில் ஒரு கண்ணைப் பெற்று, மற்றைக் கண்ணை வேண்டித் திருவாரூரிலே அவர் பாடியது 'மீளா அடிமை' எனத் தொடங்கும் திருப்பதிகம். அதிலே அவர் இறைவனை நோக்கி, தம்மை விற்றுவிடவும் அவருக்கு உரிமையுண்டென்றும், தாம் ஒற்றியாக வந்தவர் அல்லர் என்றும் முறையிடுகின்றார்.

இம்முறையீட்டின் ஆழம் ஒற்றியின் இலக்கணம் அறிந்தவர்க்கே புலப்படும். ஒற்றிப்பொருள் ஒருநாள் மீட்கப்படும். ஏற்றவர் அதனை அனுபவிக்கலாமேயன்றி அறுதியாக விற்க இயலாது. விலைப்பொருளுக்கு மீட்சி இல்லை. நாயனார் தம்மை மீட்சியில்லாத அடிமையென்று சொல்லவந்தவர். ஆதலால், சந்தையிலும் வயலிலும் வழங்கிய ஒரு கொடுக்கல் வாங்கற் சொல்லை எடுத்து அன்பின் எல்லையைக் காட்டினார். ஒற்றியூரை விட்டு வந்தவர் 'ஒற்றி' என்ற சொல்லையே வாயில் எடுத்தது நினைந்து நினைந்து இன்புறத்தக்கது. கேட்டவர் அனைவர்க்கும் ஒற்றிக்கும் விலைக்கும் உள்ள வேறுபாடு தெரிந்திருந்தாலன்றி அம்முறையீடு பொருள் பயந்திராது. ஏறத்தாழ 1,200 ஆண்டுகளுக்கு முன்னரே இவ்வேறுபாடு பொதுமக்கள் அறிவாய் இருந்ததென்பது இதனாற் போதரும்.

தேசவழமையில் ஒற்றி

இனி, எமது நாட்டு வரலாற்றுக்கு வருவோம். யாழ்ப்பாண அரசு 1619இல் போர்த்துக்கேயர் வசமாயிற்று. 1658இல் ஒல்லாந்தர் யாழ்ப்பாணத்தைக் கைப்பற்றினர். வழக்குத் தீர்க்க அமர்ந்த ஒல்லாந்த அதிகாரிகள், இந்நாட்டு மக்கள் தம் முன்னோர் வழமைப்படியே சொத்தைப் பிரிப்பதையும், காணியைக் கொடுப்பதையும் வாங்குவதையும் கண்டனர். அவ்வழமைகளை அறியாது தீர்ப்புச் சொல்ல இயலவில்லை. ஆகவே தேசாதிபதி கொர்னேலிஸ் யோவான் சைமன்ஸ் அவற்றைத் திரட்டுமாறு 1706இல் ஆணையிட, யாழ்ப்பாணத்தில் நெடுங்காலம் வாழ்ந்த திசாவை கிளாஸ் ஐசாக்ஸ் அப்பணியைச் செய்து 1707 சனவரியில் கையளித்தார். அத்தொகுப்பு தமிழில் மொழிபெயர்க்கப்பட்டுப் பன்னிரண்டு முதலியார்களின் ஆய்வுக்கு விடப்பட்டது. அவர்கள் ஒப்பிய பின்னர் அது 'தேசவழமை' என வழங்கலாயிற்று. ஆங்கிலேயர் ஆட்சி வந்தபின், 1806ஆம் ஆண்டின் 18ஆம் இலக்க ஒழுங்குவிதி அதற்கு முழு வலுவும் அளித்தது.

தேசவழமை அரசர் ஒருவர் இருந்து இயற்றிய சட்டமன்று. மக்கள் நடந்துவந்த வழியைப் பார்த்து எழுதிய ஏடு அது. அக்காலத்துச் சமுதாயத்தின் குறைகளும் அதில் உள்ளன. அடிமைகளைப் பற்றி அதில் ஒரு பகுதியே உண்டு. அக்கொடுமை இலங்கையில் 1844இலேயே சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. முன்னோர் வழமை என்பதற்காக எல்லாவற்றையும் போற்ற வேண்டியதில்லை. எனினும் ஒற்றியைப் பற்றி அது கூறுவனவற்றிலே உழவர் வாழ்வை அறிந்தோரின் நுண்ணறிவு விளங்குகின்றது.

முதலாவது, மீட்சியின் காலம். பயிர் நிலத்தில் நிற்கும்போது நிலக்காரர் பணத்தை நீட்டி, இன்றே வயலை விட்டு இறங்கும் என்று சொல்ல முடியுமாயின், விதைத்தவர் உழைப்பு வீணாகும். ஆகவே நிலத்தின் வகையையும் பயிரின் வகையையும் நோக்கி, விளைவை எடுத்துக்கொண்ட பின்னரே மீட்கும் முறை வழமையாயிற்று. நெல்வயலுக்கு ஒரு காலம், மற்றைப் பயிர்நிலத்துக்கு வேறொரு காலம். நாட்காட்டியைப் பாராது நிலத்தைப் பார்த்து வகுத்த தவணை அது.

இரண்டாவது, காணி விற்கப்படும்போது முதலில் வாங்கும் உரிமை. பழைய வழமைப்படி ஒருவர் தம் காணியை விற்க நினைத்தால், உரித்தாளர்க்கும், பங்காளர்க்கும், அக்காணியை ஈடாகக் கொண்டிருந்த அயலவர்க்கும் முன்னதாக அறிவித்தல் வேண்டும். அவர்கள் வேண்டாமென்ற பின்பே பிறர்க்கு விற்கலாம். ஒல்லாந்தர் காலத்திற் கொமாண்டர் புளோம் இம்முறையை மாற்றி, விற்பனையைத் தேவாலயத்தில் அடுத்தடுத்து மூன்று ஞாயிற்றுக்கிழமைகளில் அறிவிக்குமாறு செய்தார். ஊரார் கூடும் இடத்தில் மறைவின்றி அறிவிக்கவேண்டும் என்பது அவர் கருத்து. உரிமை கோருவோர் அதற்கிடையில் முன்வரலாம். நிலத்தை ஆண்டு பழகியவர்க்கு அதனை வாங்குவதில் முன்னிடம் கொடுத்தல் முறையென்று எம்முன்னோர் கருதினர்.

ஒல்லாந்தர் யாழ்ப்பாணத் தமிழரை மலபார் மக்கள் என்றே குறித்தனர். இந்தியாவின் மலபார்ப் பகுதியிலும் 'ஒற்றி' என்னும் இச்சொல்லே நிலவீட்டுக்கு வழங்கியதும், அங்கும் ஒற்றிக்காரர்க்கு முதலில் வாங்கும் உரிமை இருந்ததும் ஒப்புநோக்கத்தக்கன. கடலின் இரு கரையிலும் ஒரே சொல் ஒரே முறையோடு வாழ்ந்திருக்கின்றது.

பிறநாட்டார் கண்ட பெயர்கள்

மேலைநாட்டாரும் இம்முறையை அறியாதவர் அல்லர். கிரேக்கர் இதனை 'அன்ரிக்கிறீசிஸ்' என்றனர். ஒன்றற்குப் பதிலாகக் கொள்ளும் உபயோகம் என்பது அதன் பொருள். பணத்துக்குப் பதில் நிலத்தின் உபயோகம். உரோமரின் வழியாக இச்சொல் ஒல்லாந்தர் சட்டத்திலும் புகுந்தது. ஆகவே யாழ்ப்பாணத்து ஒற்றியைக் கண்ட ஒல்லாந்த அதிகாரிகளுக்கு அஃது அறவே புதிதாய்த் தோன்றியிராது.

ஆங்கிலேயர் வழங்கும் 'மோட்கேஜ்' என்னும் சொல் எம் சிந்தனைக்கு இன்னும் விருந்தாவது. 'செத்த ஈடு' என்பது அச்சொல்லின் நேர்ப்பொருள். பன்னிரண்டாம் நூற்றாண்டின் இறுதியில் எழுந்து, கிளான்வில் என்பவர் பெயரால் வழங்கும் சட்டநூல் இதனைப் பேசுகின்றது. நிலத்தின் விளைவு கடன்முதலைச் சிறிது சிறிதாகக் கழித்துவருமாயின் அஃது உயிருள்ள ஈடு. விளைவு முழுவதும் கடன் கொடுத்தவர்க்கே போய்க் கடன்முதல் சிறிதும் குறையாதிருக்குமாயின் அது செத்த ஈடு. இரண்டாவது வகையை அந்நூல் வட்டிப் பாவத்தோடு சேர்த்து எண்ணுகின்றது. இவ்வளவையால் அளந்தால் எமது ஒற்றியும் செத்த ஈட்டின் இனத்ததே.

இந்தியாவில் 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டமும் அனுபவத்தோடு கூடிய ஈட்டை ஒரு தனிவகையாக எடுத்துரைக்கின்றது. அதனைத் தமிழகத்தார் போக்கியம் என்றும் வழங்குவர். இன்றும் தென்தமிழகத்து நகரங்களில் 'ஒத்திக்கு வீடு' என்று சொல்லக் கேட்கலாம். ஒரு தொகையை முன்னதாகக் கொடுத்துவிட்டு வாடகையின்றி வீட்டிற் குடியிருந்து, வெளியேறும்போது கொடுத்த தொகையை முழுவதும் திரும்பப் பெறும் முறை அது. வயலிற் பிறந்த சொல் நகரத்து வீட்டிலும் குடியேறிவிட்டது.

நன்மையும் தீமையும்

ஒற்றியின் நன்மை வெளிப்படை. அவசரத்துக்குப் பணம் வேண்டியவர் முன்னோர் காணியை விற்காமலே பணம் பெற்றார். வட்டி ஏறி ஏறிக் கடன் குட்டிபோடும் என்ற அச்சம் அவருக்கு இல்லை. கையிற் காசிருந்தும் காணியில்லாதவர்க்கு உழுதுண்ண நிலம் கிடைத்தது. இருவரும் ஒரே ஊரவராயிருந்து, ஒரே கோயிலில் வணங்கி, ஒருவர் வீட்டு நன்மை தீமைக்கு மற்றவர் போய்வந்த காலத்தில், வாய்ச்சொல்லே பாதி உறுதியாய் இருந்தது.

தீமையையும் மறைத்தல் ஆகாது. நிலமே உழவரின் உழைப்புக்குக் களம். அதனைப் பிறர் கையில் விட்டவர் கடனை எதனைக் கொண்டு அடைப்பார்? கடனைத் தீர்க்கவல்ல வயல் கடன் கொடுத்தவரிடம் இருக்கின்றது; கடனோ வயலை இழந்தவரிடம் இருக்கின்றது. இக்காரணத்தால் ஓராண்டுக்கென்று வைத்த ஒற்றி தந்தை காலம் தாண்டிப் பேரன் காலம்வரை நீண்டுவிடும். சிறுதொகைக்குப் பெருவிளைவுள்ள நிலத்தை ஏற்றவர், முறையான வட்டியினும் பலமடங்கு ஊதியம் கண்டிருப்பார். செத்த ஈடு என்று பிறநாட்டார் பெயரிட்டது இதனாலேயே.

காலம் செல்லச் செல்லப் பணத்தின் மதிப்புக் குறைவது மற்றொரு சிக்கல். முன்னொரு காலத்தில் 500 ரூபா ஒரு குடும்பத்தின் பெருஞ்சேமிப்பு. அத்தொகையை இன்று நீட்டி வயலை மீட்க வருபவரை ஒற்றிக்காரரின் மக்கள் எவ்வாறு நோக்குவர்? கொடுத்தவரின் வியர்வை அந்த 500 ரூபாவில் இருந்தது. அதற்குப் பதிலாகப் பல்லாண்டு விளைவை உண்டதும் உண்மை. இங்கே உறுதியின் எழுத்தைப் பார்ப்பதோடு இருவர் மனச்சாட்சியும் சேர்ந்து கணக்குப் பார்க்கவேண்டியுள்ளது.

எழுத்தும் காலமும்

வாய்ச்சொல்லை நம்பிய காலம் மாறியதைச் சட்ட வரலாறும் காட்டும். 1840ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கச் சட்டம், காணியை விற்பதற்கும் ஈடு வைப்பதற்கும் நொத்தாரிசு முன்னிலையில் இரண்டு சாட்சிகளோடு எழுதிய உறுதி வேண்டுமென விதித்தது. இவ்விதி ஒற்றிக்கும் பொருந்தும். 1911ஆம் ஆண்டின் 1ஆம் இலக்க யாழ்ப்பாண விவாக உரிமை, உரித்துரிமைச் சட்டப்படி, மணமான பெண் தன் சீதனக் காணியையும் கணவனின் எழுத்துமூலச் சம்மதமின்றிக் கைமாற்ற முடியாதிருந்தது. எனவே பழைய உறுதியைப் படிப்போர் அதில் யார் யார் கையொப்பமிட்டனர் என்பதையும் நோக்குதல் வேண்டும். 1947ஆம் ஆண்டின் 59ஆம் இலக்கச் சட்டம் முதலில் வாங்கும் உரிமையைப் பங்காளர்க்கும், உரித்தாளராகத் தக்கோர்க்கும் என மட்டுப்படுத்திற்று. ஒற்றிக்காரர்க்கு வழமை தந்த முன்னிடம் அதனோடு நீங்கியது.

நிற்க. பலரும் கேட்கும் வினா ஒன்றுண்டு. ஒற்றிக்காரர் பல்லாண்டு ஆண்டுவிட்டால் காணி அவருக்கே ஆகிவிடாதா? 1871ஆம் ஆண்டின் 22ஆம் இலக்க ஆட்சியுரிமைச் சட்டம், பத்தாண்டு தடையின்றி ஆண்டவர்க்கு உரிமை கிடைக்கும் என்று கூறுவது உண்மை. ஆனால் அவ்வாட்சி உரியவரின் உரிமைக்கு மாறாக, அவரைச் சாராது நின்ற ஆட்சியாய் இருத்தல் வேண்டும். ஒற்றிக்காரர் நிலத்தில் இறங்கியதே நிலக்காரரின் உரிமையை ஒப்புக்கொண்டு, அவர் கொடுத்த உறுதியின் பேரில். ஆகவே ஒற்றி ஒற்றியாகவே நிற்கும்வரை, ஆண்டுகளின் எண்ணிக்கை மாத்திரம் அதனை அறுதியாக்கிவிடாது. ஒற்றி என்ற ஒரு சொல் உறுதியில் இருத்தலும் இல்லாமையும் ஒரு குடும்பத்தின் உரிமையையே மாற்றவல்லது என்பதை இதனால் உணரலாம்.

எமது காலத்தில் இவ்வினா முன்னிலும் கூர்மை பெற்றுவிட்டது. 1983 முதல் 2009 வரை நீண்ட போர்க்காலத்தில் எத்தனையோ குடும்பங்கள் ஊரை விட்டுப் பெயர்ந்தன. 1995இல் யாழ்ப்பாணத்து மக்கள் பெருந்தொகையாய் இடம்பெயர்ந்தபோது, உறுதிக்கட்டை எடுத்துச் சென்றோரும் உளர். எடுக்க நேரமின்றி ஓடினோரும் உளர். நிலக்காரரின் மக்கள் ஒரு நாட்டில், ஒற்றிக்காரரின் மக்கள் வேறொரு நாட்டில், நிலம் மாத்திரம் இங்கே எல்லைவேலியும் அழிந்து கிடக்கும் நிலை வந்தது. போர்க்காலத்தில் தம் காணியுரிமைக்காக வழக்குத் தொடுக்க இயலாதிருந்தோர்க்கென 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம் சிறப்பேற்பாடு செய்தது. சட்டம் காலத்தைக் கணக்கிலிருந்து கழிக்கலாம். நினைவை மீட்டுத் தருதல் அதற்கு இயலாது. அந்த ஒற்றி மீட்கப்பட்டதா, பணம் கொடுபட்டதா, யார் முன்னிலையில் என்னும் செய்திகள் முதியோர் சிலரின் நெஞ்சில் மாத்திரமே எஞ்சியுள்ளன.

இளைஞர்க்கும் பெரியோர்க்கும்

ஆகலின் பெரியோர்க்கு நாம் விடுக்கும் வேண்டுகோள் இது. உங்கள் வீட்டு உறுதிக்கட்டை அவிழ்த்து, பிள்ளைகளையும் பேரப்பிள்ளைகளையும் அருகில் இருத்தி, ஒவ்வொரு காணியின் கதையையும் சொல்லுங்கள். எது முதுசம், எது சீதனம், எது தேடியது, எது ஒற்றிக்கு வைத்தது, எது ஒற்றிக்கு வாங்கியது என்று பிரித்துச் சொல்லுங்கள். ஒற்றி மீட்கப்பட்டும் மீட்சி எழுதப்படாதிருந்தால் அதனையும் மறையாது சொல்லி, இருதிறத்தாரும் உயிரோடிருக்கும் காலத்திலேயே எழுதி முடியுங்கள்.

இளைஞர்காள்! உறுதியைப் படிக்குமிடத்து 'அறுதி'யா, 'ஈடு'வா, 'ஒற்றி'யா என்பதை முதலில் நோக்குங்கள். முடிவு செய்யுமுன் சட்டமறிந்தவரிடம் காட்டுங்கள். உங்கள் முன்னோர் ஒற்றிக்கு வைத்த நிலமாயின், இழந்ததென்று சோராதீர்கள். அவர்கள் ஒற்றிக்கு வாங்கிய நிலமாயின், எமதென்று மயங்காதீர்கள். அதற்கு உரியவர் எங்கோ ஓரிடத்தில் இருக்கின்றார் என்பதை நினைவிற் கொள்ளுங்கள். முதலாவதற்கு ஊக்கம் வேண்டும். இரண்டாவதற்கு நேர்மை வேண்டும். இரண்டாவதே அரிது, அதனாலேயே அது பெரிது.

விற்றுவிட்டேன் என்று சொல்ல மனம் வராதவர்க்கு எம்மொழி கொடுத்த சொல் ஒற்றி. 'இன்று உன் கையில் விடுகின்றேன். நானோ என் பிள்ளையோ ஒருநாள் வந்து மீட்போம்' என்ற நம்பிக்கை அதனுள் இருக்கின்றது. 'வரும்வரை காப்பேன், வந்தால் கொடுப்பேன்' என்ற வாக்கும் அதனுள் இருக்கின்றது. நம்பிக்கை வைத்தவரும் வாக்குக் கொடுத்தவரும் மறைந்துவிட்டனர். அவர்கள் இட்ட கையொப்பம் பெட்டகத்துள் இன்னும் அழியாதிருக்கின்றது. அதனைப் படித்து அதன்படி ஒழுகுவது எம் கடன்.